ராத்திரி ஏரோபிளேன் மோட் போட்டா அம்மா அனுப்புற மெசேஜ் தொலைஞ்சு போகுமா?

மேட்டுலயம்_மஸ்கெலியா:

எல்லாருக்கும் வணக்கம், போன் விஷயம் தெரிஞ்சவங்க கொஞ்சம் சொல்லுங்க. நாங்க மஸ்கெலியா பக்கம் ஒரு தோட்டத்துல மேட்டு லயத்துல, அதாவது வரிசை வீட்டுல, இருக்கோம். அம்மா குவைத்துல வீட்டு வேலைக்கு போய் மூணு வருஷமாச்சு. அங்க எல்லா வேலையும் முடிச்சு அவங்க போனை கையில எடுக்கிறப்ப ராத்திரி பதினொரு மணி, இங்க ஒன்றரை. நான் டவுன்ல ஒரு கடையில நிக்கிறேன், விடிய முன்ன எழும்பணும், அதோட எங்க காம்பராக்குள்ள சிக்னல் ஒரு கோடு வரும் போகும், அப்படி கிடந்தா விடியிறதுக்குள்ள பேட்டரி பாதிக்கு மேல இறங்கிடுது. அதனால படுக்கிறப்ப ஏரோபிளேன் மோட் போடுறது பழக்கமாயிருச்சு.

போன கிழமை நல்ல மழை, கரண்டும் இல்ல. அன்னைக்கும் அப்படித்தான் போட்டுட்டு படுத்துட்டேன். அம்மா ஒன்றரைக்கு மெசேஜ் போட்டிருக்காங்க, ஒரு டிக் தான் விழுந்திருக்கு, கோல் எடுத்தா போகல, அப்பாவுக்கு எடுத்தா அவர் இஸ்டோர்ல, தேயிலை ஃபேக்டரில, நைட் வேலை, போன் உடுப்போட தொங்குது. மலை சரிஞ்சிருச்சோ என்னவோன்னு விடியும் வரைக்கும் அழுதிருக்காங்க. நான் காலையில மோடை எடுத்ததும் பதினாலு வொய்ஸ் ஒரேயடியா வந்து விழுந்துச்சு. அதோட ஒரு சாதா எஸ்எம்எஸ்ஸும் போட்டேன்னு சொன்னாங்க, அது மட்டும் நான் ரோட்டுக்கு இறங்கின பிறகு தான் வந்துச்சு. எனக்கு மனசே சரியில்ல. ஏரோபிளேன் மோட்ல இருக்கிறப்ப வர மெசேஜ் எங்க போய் நிக்குது, எது வரும், எது வராம போயிடும், அந்தப் பக்கம் அம்மாவுக்கு என்ன காட்டும்?

போன்கடை_பண்டாரவளை:

தங்கச்சி, முதல்ல ஒண்ணு, நீங்க அம்மா மெசேஜ் எதையும் தொலைக்கல. பதினோரு வருஷமா போன் கடை வச்சிருக்கேன், இதே கேள்வியோட வர ஆளுங்க நிறைய, அதனால நீட்டாவே சொல்றேன்.

ஏரோபிளேன் மோட் போட்டா சிம் சிக்னல், டேட்டா ரெண்டும் நின்னுடும், வைஃபை, புளூடூத் மட்டும் சில போன்ல நிக்காம இருக்கலாம். ஆனா மெசேஜ் வந்து நேரா உங்க போன் கதவை தட்டுறது இல்ல, நடுவுல ஒரு இடத்துல தங்கித்தான் வருது. எஸ்எம்எஸ்ன்னா சிம் கம்பனியோட மெசேஜ் சென்டர், வட்ஸ்அப்புன்னா அவங்க சர்வர்.

எஸ்எம்எஸ் பத்தி சொல்றேன். நீங்க அந்த மோடை போடுற நேரம் போன் டவருக்கு நான் போறேன்னு சொல்லிட்டுத்தான் போகும். அதனால சென்டர் மெசேஜை கையில வச்சுக்கிட்டு காத்திருக்கும், நீங்க மோடை எடுத்து போன் மறுபடி டவர்ல பதிஞ்ச உடனே, ஆள் வந்தாச்சுன்னு சென்டருக்கு தகவல் போய் மெசேஜ் இறங்கும். பள்ளத்துல சிக்னல் இல்லாம மாட்டிக்கிட்டா போன் அப்படி சொல்லாமலே காணாம போயிடும், அப்ப தான் கோல் எடுக்கிறவங்களுக்கு கொஞ்ச நேரம் ஒண்ணும் கேக்காம கிடந்துட்டு பிறகு எடுக்க முடியாதுன்னு குரல் வரும். ஆனா எஸ்எம்எஸ்ஸை காலத்துக்கும் வச்சிருக்க மாட்டாங்க, ஒரு தவணை உண்டு, அது கம்பனிக்கு கம்பனி மாறும். ஒரு ராத்திரிக்கு பயமே இல்ல, நாள் கணக்குல மூடி வச்சா தான் தவணை முடிஞ்சு அழிஞ்சு போற ஆபத்து.

மோடை எடுத்த பிறகும் உங்களுக்கு அந்த எஸ்எம்எஸ் லேட்டா வந்ததுக்கு ஒரு காரணம் இருக்கலாம், அம்மா தமிழ்ல எழுதியிருந்தாங்களா? இங்கிலீஷ்ல ஒரு எஸ்எம்எஸ்ஸுக்கு 160 எழுத்து, தமிழ்ல எழுதினா 70 தான். அதுலயும் புள்ளி, கொம்பு, காலு எல்லாத்தையும் தனித்தனியா எண்ணும், அம்மான்னு எழுதினா நம்ம கண்ணுக்கு மூணு எழுத்து, போனுக்கு அஞ்சு. 70ஐ தாண்டினா மெசேஜை துண்டு துண்டா வெட்டி அனுப்பும், ஒரு துண்டுக்கு 67 எழுத்து. எல்லா துண்டும் வந்து சேர்ந்தா தான் நிறைய போன் முழுசா காட்டும். ஒரு கோடு சிக்னல்ல ரெண்டு துண்டு வந்து மூணாவது நடுவழியில நின்னா நீங்க ரோட்டுக்கு இறங்குற வரைக்கும் காத்திருக்க வேண்டியது தான்.

வட்ஸ்அப்ல இந்த எண்ணிக்கை எல்லாம் இல்ல. உங்க போன் எட்டலைன்னா சர்வர்ல 30 நாள் வரைக்கும் பூட்டி வச்சிருப்பாங்க, அதுக்குள்ள நீங்க வந்தா எல்லாம் ஒரேயடியா விழும், உங்க பதினாலு வொய்ஸ் மாதிரி. 30 நாள் தாண்டினா தான் அழியும். நீங்க அந்த மோட்ல இருந்துக்கிட்டே பதில் எழுதினா சின்னதா மணிக்கூடு அடையாளம் காட்டும், நெட் வந்ததும் தானா போயிடும். எஸ்எம்எஸ் அப்படி நம்பிக்கையா இருக்காது, போகலன்னு சிவப்பா காட்டி நிக்கும், அனேகமா நீங்களே மறுபடி அமத்தணும்.

நானுஓயா_ரயில்:

பேட்டரி இறங்குறது நீங்க சொன்ன மாதிரி தான் அக்கா, சிக்னல் குறைஞ்ச இடத்துல போன் தூரத்து டவரை எட்டிப் பிடிக்க கூட சக்தி போட்டு கத்தும், அதோட தேடிக்கிட்டே இருக்கும். நான் இந்த மோடை வேற மாதிரி பாவிக்கிறேன். ஹட்டனுக்கும் கொட்டகலைக்கும் நடுவுல சிங்கமலை சுரங்கத்துல கோச்சி நுழைஞ்சு வெளிய வந்த பிறகு சில நேரம் போன் மயங்கின மாதிரி சிக்னல் காட்டும் ஆனா மெசேஜ் ஒண்ணும் வராது, அப்ப மோடை போட்டு பத்து செக்கன்ல எடுத்தா புதுசா டவர் தேடிப் பிடிச்சு நின்னு போன மெசேஜ் எல்லாம் கடகடன்னு வரும். உங்க எஸ்எம்எஸ் லேட்டானாலும் ஒரு தடவை இப்படி செஞ்சு பாருங்க, போனை ஓஃப் பண்ணி போட தேவையில்ல.

தோஹா_பதுளையான்:

நான் அந்தப் பக்கத்துல இருந்து எழுதுறேன் தங்கச்சி. கட்டார் வந்து ஆறு வருஷம், வீடு பதுளைக்கு மேல ஒரு தோட்டம். ஒரு டிக் மட்டும் விழுந்து நிக்கிறப்ப இங்க இருக்கிறவனுக்கு நெஞ்சு எப்படி அடிக்கும்னு எனக்கு தெரியும், அதுவும் ஊர்ல மழைன்னு நியூஸ் பார்த்த அன்னைக்கு. ஒரு டிக்ன்னா என் போனை விட்டு மெசேஜ் போயிருச்சு, உங்க போனுக்கு இன்னும் போகல, அவ்வளவு தான். போன் ஓஃபா, ஏரோபிளேன் மோடா, டேட்டா முடிஞ்சுதா, சிக்னல் இல்லையா, ப்ளொக் பண்ணிட்டீங்களா, எல்லாத்துக்கும் அதே ஒரு டிக் தான், வித்தியாசமே காட்டாது. அம்மாவுக்கு அந்த ஒரு டிக்கை பார்த்து நீங்க தூங்குறீங்களா இல்ல லயம் சரிஞ்சிருச்சான்னு கண்டுபிடிக்க வழியே இல்ல.

எங்க வீட்டுல இப்ப ஒரு பழக்கம் வச்சிருக்கோம். பொஞ்சாதி போனை மூடுறதுக்கு முன்ன "படுக்கப் போறோம், எல்லாரும் நல்லா இருக்கோம், அஞ்சு மணிக்கு போன் எடுப்பேன்"னு ஒரு வரி போட்டுட்டுத்தான் மூடுவா. நான் டியூட்டி முடிஞ்சு வந்து அதை பார்த்துட்டு என் மெசேஜை போட்டுட்டு படுத்துடுவேன், ஒரு டிக்கோட கிடந்தாலும் தூக்கம் வரும். காசு செலவில்ல, அரை நிமிஷ வேலை. தயவு செய்து இன்னைக்கே அம்மாவுக்கு அப்படி ஒண்ணு போடுங்க.

மேட்டுலயம்_மஸ்கெலியா:

அண்ணே நீங்க எழுதினதை படிச்சு கண்ணு கலங்கிருச்சு. இன்னைக்கே போடுறேன். எஸ்எம்எஸ் தமிழ்ல தான், நீளமா எழுதியிருந்தாங்க, இப்ப தான் விளங்குது. இன்னும் ரெண்டு கேள்வி. தம்பிக்கு ஏ.எல் படிக்க ஒரு லேப்டொப் இருக்கு, அதுல என் வட்ஸ்அப் போட்டு வச்சிருக்கேன், என் போன் ஏரோபிளேன் மோட்ல இருந்தாலும் அதுல வருமா? அடுத்தது, அந்த மோட்ல வச்சுக்கிட்டே மெசேஜ் படிச்சா நீல டிக் விழாதுன்னு கடையில ஒரு அக்கா சொன்னாங்க, அது உண்மையா?

போன்கடை_பண்டாரவளை:

லேப்டொப்ல நெட் இருந்தா வரும் தங்கச்சி. லேப்டொப்புக்கு நெட் எங்க இருந்து வருதுன்னு மட்டும் பாருங்க, உங்க போன் ஹொட்ஸ்பொட் தான்னா மோடை போட்ட உடனே அதுவும் போயிடும். இப்ப போன் இல்லாமலே நாலு மெஷின் வரைக்கும் தனியா ஓடும், போனை 14 நாள் திறக்காம விட்டா தான் கழட்டி விட்டுடும். ஆனா ஒண்ணு கவனிங்க, லேப்டொப்புக்கு போய் சேர்ந்தாலே அம்மாவுக்கு ரெண்டு டிக் காட்டும். நீங்க தூங்குவீங்க, லேப்டொப் மேசையில கிடக்கும், ரெண்டு டிக் விழுந்தும் ஏன் பிள்ளை பேசலன்னு அது ஒரு புது கவலை ஆயிடும், முன்னாடியே சொல்லி வைங்க.

நீல டிக் விஷயம், பாதி தான் உண்மை. மோட்ல இருக்கும் வரைக்கும் விழாது, மோடை எடுத்து நெட் வந்ததும் நீங்க படிச்ச தகவல் போய் நீலமாகிடும். கொஞ்ச நேரம் தள்ளிப் போடலாம், மறைக்க முடியாது. அதே மாதிரி மறையுற மெசேஜ், குறிச்ச நேரம் முடிஞ்சா தானா அழியுறது, போட்டிருந்தா அந்த நேரக் கணக்கு அனுப்பின நேரத்துல இருந்து ஓடுது, உங்க போன் மூடி இருக்குன்னு நின்னு காத்திருக்காது. குடும்பத்து மெசேஜுக்கு அதை போடாதீங்க.

வைஃபை இருக்கிற இடம்ன்னா ஏரோபிளேன் மோட் போட்ட பிறகு வைஃபையை மட்டும் தனியா போட்டுக்கலாம், அப்ப வட்ஸ்அப், மெசெஞ்சர், ஐமோ எல்லாம் வேலை செய்யும், ஐபோனுக்கு ஐபோன் போற நீல மெசேஜும் போகும். சாதா எஸ்எம்எஸ்ஸும் சாதா கோலும் வராது, அதுக்கு சிம் சிக்னல் வேணும், இல்லன்னா உங்க கம்பனியும் உங்க போனும் வைஃபை கோலுக்கு இடம் குடுக்கணும். இங்க தான் நான் ஒரு தடவை நல்லா மாட்டினேன். கடை வைஃபைல இருந்து பேங்க்ல காசு மாத்துறேன், போன் ஏரோபிளேன் மோட்ல இருக்குறதை மறந்துட்டேன், நெட் வேலை செய்யுது ஓடிபி மட்டும் வரல, நான் மறுபடி மறுபடி கேட்டு மூணு தடவை அமத்திட்டேன். மோடை எடுத்ததும் மூணும் சேர்ந்து வந்துச்சு, முந்தின ரெண்டும் செல்லாது, கடைசியும் நேரம் முடிஞ்சிருச்சு. மெசேஜ் தொலையல, ஆனா அதுக்குள்ள இருந்த நம்பர் செத்துப் போச்சு. அம்மா காசு போடுறப்ப எடுக்க ஓடிபி ஏதும் வரதுன்னா அந்த நேரம் மோடை எடுத்தே வைங்க.

கொஸ்லந்தை_அக்கா:

எல்லாரும் மெசேஜ் தொலையாதுன்னு சொன்னீங்க, சரி. நான் கோலை பத்தி சொல்ல வரேன், ஏன்னா கோல் காத்திருக்காது. மெசேஜ் விடிஞ்ச பிறகும் வரும், ராத்திரி ரெண்டு மணிக்கு "வெளிய வாங்க"ன்னு எடுக்கிற கோல் விடிஞ்ச பிறகு வந்து என்ன செய்ய.

நாங்க மீரியபெத்தைக்கு பக்கத்து ஆளுங்க. 2014 அக்டோபர் 29 காலையில மலை வந்து லயத்தை மூடினதை கண்ணால பார்த்தவ நான். பிள்ளைங்க ஸ்கூலுக்கு போயிருந்ததால தப்பிச்ச வீடும் இருக்கு, திரும்பி வந்தப்ப வீடே இல்லாத பிள்ளைங்களும் இருக்கு. அதுக்கு பிறகு மழைக்காலத்துல எங்க வீட்டுல ஒருத்தர் போனாவது சத்தத்தோட திறந்து கிடக்கும். கட்டட ஆராய்ச்சி நிறுவனம் மண்சரிவு எச்சரிக்கை போடுறப்ப மஞ்சள்ன்னா கவனமா இருக்கணும், செம்மஞ்சள்ன்னா வெளிக்கிட ஆயத்தமா இருக்கணும், சிவப்புன்னா வெளிய போயே ஆகணும். அந்த தகவல் கிராம சேவகர்கிட்ட இருந்தோ, தோட்டத்து ஆளுங்ககிட்ட இருந்தோ, மேல் லயத்துல மண்ணு வெடிச்சதை பார்த்தவங்ககிட்ட இருந்தோ கோலா தான் வரும். எல்லார் போனும் ஏரோபிளேன் மோட்ல கிடந்தா யார் எடுக்கிறது?

தூக்கம் கெடுதுன்னா அந்த மோட் வேணாம் மகள், தொந்தரவு வேணாம்னு ஒரு மோட் இருக்கு, அதுல சிக்னல் அறுபடாது, சத்தம் மட்டும் தான் நிக்கும். அம்மா, அப்பா, கிராம சேவகர் நம்பரை மட்டும் விட்டு வச்சா அவங்க எடுக்கிறப்ப அடிக்கும். வட்ஸ்அப் கோல் எல்லா போன்லயும் அப்படி அடிக்காது, ஒரு பகல்ல அம்மாவை எடுக்க சொல்லி பார்த்துக்கங்க. அதோட 117 அனர்த்த முகாமைத்துவம், 1990 அம்பியுலன்ஸ், ரெண்டும் சுவத்துல எழுதி வைங்க, கரண்ட் இல்லாத ராத்திரியில போன்ல தேடிக்கிட்டு நிக்க முடியாது.

மேட்டுலயம்_மஸ்கெலியா:

அக்கா, அண்ணே, எல்லாருக்கும் ரொம்ப நன்றி. நேத்து அப்பாகிட்ட உக்காந்து எல்லாத்தையும் வாசிச்சு காட்டினேன். பழைய பட்டன் போன் ஒண்ணு அலுமாரியில கிடந்துச்சு, சார்ஜ் போட்டா நாலு நாள் நிக்கும், அதுல ஒரு சிம் போட்டு இஸ்தோப்பு (முன் திண்ணை) ஜன்னல்ல வச்சிருக்கோம், அங்க ரெண்டு கோடு வருது. சத்தத்தை கூட்டி விட்டாச்சு, கிராம சேவகருக்கும் மேல் லயத்து தலைவருக்கும் அந்த நம்பரை குடுத்தாச்சு, சுவத்துல 117, 1990 தம்பி பெரிசா எழுதி ஒட்டிட்டான். என் போனை இனி தொந்தரவு வேணாம் மோட்ல போடுறேன், பேட்டரி ரொம்ப இறங்கின அன்னைக்கு மட்டும் தான் ஏரோபிளேன் மோட், அதுவும் அம்மாவுக்கு சொல்லிட்டு.

அந்த பட்டன் போன்ல தமிழ் எஸ்எம்எஸ் கட்டம் கட்டமா தான் காட்டுது. அதனால அவசரம்ன்னா எழுத வேணாம், நேரா கோல் எடுங்கன்னு அம்மாவுக்கு நம்பரோட வொய்ஸ் ஒண்ணு போட்டிருக்கேன். இப்ப தான் போட்டேன், இன்னும் ஒரு டிக் தான். அங்க இன்னும் வேலை முடியல போல.