வாசிகசாலைக்குப் பிரபஞ்ச முடிவுப் புத்தகங்கள் வாங்கலாமா?

மாங்குளத்தான்:
எங்கள் ஊர் வாசிகசாலைக்குப் புத்தகம் வாங்கச் சொல்லி வெளிநாட்டில் இருக்கிற ஊர்க்காரர் கொஞ்சக் காசு அனுப்பியிருக்கிறார்கள். பட்டியல் போடும் வேலை என்னிடம் வந்தது. பாதிக்கு மேல் வானியல் புத்தகங்களைத்தான் போட்டேன். ஹோக்கிங்கின் 'காலம்: ஒரு வரலாற்றுச் சுருக்கம்', ஸ்டீவன் வைன்பேர்க் 1977இல் எழுதிய 'முதல் மூன்று நிமிடங்கள்', அப்புறம் கேட்டி மக் 2020இல் எழுதிய புத்தகம், பிரபஞ்சம் எந்தெந்த விதமாக முடியலாம் என்று ஐந்து வழிகளைச் சொல்வது. கூட்டத்தில் எதிர்ப்பு வந்துவிட்டது. சோதனைக்கு உதவாத புத்தகம் எதற்கு, கடந்தகால வினாத்தாள் வாங்குங்கோ என்கிறார்கள்.

வினாத்தாள் வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. ஆனால் போன வருடம் பத்தாம் வகுப்புப் பிள்ளை ஒன்று என்னிடம் வந்து, 2032 மார்கழியில் உலகம் அழியப்போகுதாமே என்று கேட்டது. வை.ஆர்.4 சிறுகோளைப் பற்றிய யூடியூப் காணொளி பார்த்திருக்கிறாள். 2025 மாசியில் அது பூமியில் மோத 3 வீதத்துக்குச் சற்று மேல் வாய்ப்பு இருப்பதாகக் கணித்தார்கள், உண்மை. அடுத்தடுத்த நாட்களில் அதன் பாதையைக் கூடுதலாக அளந்ததும் அந்த வாய்ப்பு இல்லை என்றே ஆகிவிட்டது. காணொளியில் முதல் பாதி மட்டும்தான் இருந்தது. புத்தகம் இல்லாத இடத்தில் பிள்ளைகள் முடிவைப் பற்றி ஒன்றும் கேள்விப்படாமல் இருக்கப்போவதில்லை, இப்படித்தான் கேள்விப்படப் போகிறார்கள். உங்கள் கருத்தைச் சொல்லுங்கள்.

கரும்பலகை:
கிளிநொச்சிப் பக்கம் உயர்தரத்துக்குப் பௌதிகவியல் படிப்பிக்கிறேன். நானும் எதிர்ப்புத்தான், ஆனால் சோதனைக்காக இல்லை. இந்தப் புத்தகங்கள் பழசு, அதைவிட முக்கியமாக, பெரும்பாலானவை முடிவை மட்டும் சொல்லிவிட்டு அந்த முடிவுக்கு எப்படி வந்தார்கள் என்பதை விட்டுவிடுகின்றன.

என் வகுப்புப் பெடியன் ஒருவன் பிரபஞ்சம் திரும்பச் சுருங்கி ஒரு புள்ளியாகிவிடும் என்று அடித்துச் சொன்னான். எங்கே வாசித்தாய் என்று கேட்டால், தொண்ணூறுகளின் தொடக்கத்தில் வந்த ஒரு தமிழ்ப் புத்தகம், அதில் அதுதான் பெரிய அத்தியாயம். 1998இல் இரண்டு ஆய்வுக் குழுக்கள் தனித்தனியே தூரத்துச் சுப்பர்நோவாக்களை, அதாவது வெடித்துச் சிதறும் நட்சத்திரங்களை, அளந்து, விரிவு வேகம் குறையவில்லை, கூடிக்கொண்டு போகிறது என்று கண்டார்கள். 2011இல் அதற்கு நோபல் பரிசும் கொடுத்தாயிற்று. எங்கள் வாசிகசாலை அலுமாரிகளில் இருக்கிற புத்தகங்களுக்கு அது தெரியாது. ஹோக்கிங்கின் புத்தகம் 1988. அதில் என்றைக்கும் விரியலாம், திரும்பச் சுருங்கவும் செய்யலாம் என்று இரண்டும் திறந்தபடி இருக்கும். கொழும்பில் இருக்கிற பிள்ளை இணையத்தில் தேடிப் பார்த்துத் திருத்திக்கொள்ளும். கணிதப் பிரிவுக்கு ஆசிரியரே இல்லாத பள்ளிக்கூடத்துப் பிள்ளை எதை வைத்துத் திருத்தும்?

மாங்குளத்தான்:
சேர், நீங்கள் சொன்ன அதே புத்தகத்தில் காலத்தின் திசையைப் பற்றிய அத்தியாயத்தைப் பாருங்கள். பிரபஞ்சம் சுருங்கத் தொடங்கினால் ஒழுங்கீனமும் குறையத் தொடங்கும், காலம் பின்னோக்கிப் போகும் என்று ஹோக்கிங் முதலில் நம்பினார். பிறகு அவரோடு வேலை செய்த டொன் பேஜும் அவருடைய மாணவர் ரேமண்ட் லாஃபிளாமும் அது சரியில்லை என்று காட்ட, நான் பிழை விட்டேன் என்று அந்தப் பக்கத்திலேயே எழுதியிருக்கிறார். உலகம் முழுக்கப் பெயர் தெரிந்த ஒரு மனிதர் ஒரு கோடிக்கு மேல் விற்ற புத்தகத்தில் அப்படி எழுதியதை எங்கள் பிள்ளை ஒருமுறை வாசிக்க வேண்டும். பாடப்புத்தகத்தில் அது கிடைக்காது. அங்கே எல்லாமே முதல் நாளிலிருந்து சரியாக இருந்தது போலத்தான் எழுதியிருக்கும்.

நெடுங்கேணியான்:
நான் வேறு காரணத்துக்காக எதிர்க்கிறேன், கொஞ்சம் கடுமையாகச் சொன்னால் மன்னியுங்கள். எங்கள் பிள்ளைகளுக்கு முடிவைப் பற்றிய புத்தகம் வேண்டாம். இந்த மண்ணில் முப்பது வயதுக்கு மேற்பட்ட ஆளைக் கேளுங்கள், எல்லாம் முடிந்துபோனதை ஒருமுறை பார்த்தவராகத்தான் இருப்பார். வைன்பேர்க்கின் புத்தகம் எப்படி முடிகிறது என்று தெரியுமா? பிரபஞ்சத்தை விளங்கிக்கொள்ள விளங்கிக்கொள்ள, அதற்கு ஒரு நோக்கமும் இல்லாததுபோல் தெரிகிறது என்கிறார். என் மருமகன் அதை வாசித்துவிட்டு, மாமா, கடைசியில் எல்லாம் குளிர்ந்து இருண்டு போகுமென்றால் நான் ஏன் விடிய எழும்பிப் படிக்க வேண்டும் என்று கேட்டான். பகிடியாகக் கேட்கவில்லை. எனக்குப் பதில் வரவில்லை. இதே காசுக்குப் பயிர்ச்செய்கை, மின்சார வேலை, கணினி என்று வாங்கலாமே.

முல்லைக்கரை:
நெடுங்கேணி அண்ணை, அந்த வரிக்குப் பிறகும் ஒரு பத்தி இருக்கிறது. தங்கள் ஆராய்ச்சியின் பலன்களில் ஆறுதல் இல்லாவிட்டாலும் ஆராய்கிற வேலையிலேயே கொஞ்சம் ஆறுதல் இருக்கிறது என்றும், பிரபஞ்சத்தை விளங்கிக்கொள்ள எடுக்கும் முயற்சி மனித வாழ்க்கையை ஒரு கேலிக்கூத்துக்கு மேலே கொஞ்சம் உயர்த்தும் அரிய காரியங்களில் ஒன்று என்றும் அதே ஆள்தான் எழுதியிருக்கிறார். பாதி வரியை எடுத்து எல்லோரும் சொல்லித் திரிவதால் அவர் வெறும் அவநம்பிக்கைக்காரர் ஆகிவிட்டார். மருமகனுக்கு அந்தக் கடைசிப் பக்கத்தை முழுதாக வாசிக்கக் கொடுங்கள்.

நான் முல்லைத்தீவுக் கரையில் இருக்கிறேன். 2019 மார்கழி 26 கங்கண சூரிய கிரகணம் நினைவிருக்கும், யாழ்ப்பாணம், கிளிநொச்சி, முல்லைத்தீவு என்று வடக்குக்கு நேர் மேலாகப் போனது. அதே திகதிதான் சுனாமி வந்து பதினைந்து வருடம். எங்கள் பக்கத்தில் அன்றைக்குப் பிள்ளைகளை வெளியே விடாமல் கதவைச் சாத்திக்கொண்டு இருந்த வீடுகள் உண்டு, கடல் திரும்ப வரும் என்ற பயத்தில். அந்தப் பயத்தைக் குறைசொல்ல எனக்கு மனம் வராது, எங்கள் வீட்டிலும் இழந்திருக்கிறோம். ஆனால் கிரகணம் எந்த நிமிடத்தில் தொடங்கி எந்த நிமிடத்தில் விடும் என்று பல வருடங்களுக்கு முன்பே கணித்து வைக்கலாம், சுனாமியை வரவைக்கும் நிலநடுக்கத்தை அப்படிக் கணிக்க இன்றைக்கும் வழியில்லை, இரண்டும் வேறு வேறு விஷயம் என்று பத்துப் பிள்ளைகளுக்கு விளங்கியிருந்தால் பத்து வீட்டுக் கதவாவது திறந்திருக்கும். முடிவைப் பற்றித் தெரியாமல் இருப்பதால் எங்கள் பிள்ளைகள் பாதுகாப்பாக இருக்கிறார்கள் என்று நீங்கள் நினைப்பதை என்னால் ஏற்க முடியவில்லை.

நெடுங்கேணியான்:
தங்கச்சி, கிரகணம் கண்ணால் பார்த்த விஷயம். நான் கேட்டது பல கோடி வருடத்துக்குப் பிறகு வரப்போகிற முடிவைப் பற்றி. அதைப் பற்றி ஒருவர் எழுதுவதை எப்படி நம்புவது? எழுதினவர் இருக்கப்போவதுமில்லை, வாசிக்கிறவன் இருக்கப்போவதுமில்லை.

கரும்பலகை:
இந்தக் கேள்வி நல்ல கேள்வி. புத்தகத்தைத் தெரிவு செய்யும்போது இதைத்தான் கேட்க வேண்டும். எல்லா எதிர்காலமும் ஒரே அளவு நிச்சயம் கொண்டது இல்லை.

சூரியன் இன்னும் சுமார் 500 கோடி ஆண்டுகளில் ஐதரசனை எரித்து முடித்துச் செவ்வரக்கனாகும், அதாவது ஊதிப் பெருத்துச் சிவந்துபோகும், என்பது மிக உறுதியான கணக்கு, ஏனென்றால் வேறு வேறு வயதில் இருக்கிற எத்தனையோ நட்சத்திரங்களை இப்போதே பார்க்க முடிகிறது. அதற்கு நெடுநாள் முன்பே, ஏறக்குறைய 100 கோடி ஆண்டுகளில், சூரியன் பிரகாசம் கூடிக்கூடிப் பூமியின் கடல்கள் தாங்காமல் போகும். இது ஒரு படி கீழே, வளிமண்டலத்தைப் பற்றிய கணிப்பும் சேர்ந்துவிடுவதால்.

பிரபஞ்சம் முழுவதின் முடிவு அதற்கும் கீழே. 1998இல் என்ன செய்தார்கள் என்று சொன்னால் விளங்கும். எரிபொருள் தீர்ந்து சுருங்கிப்போன வெண்குள்ளன் என்ற நட்சத்திரங்களில் ஒரு வகை வெடிக்கும்போது ஏறக்குறைய ஒரே அளவு பிரகாசம் வரும். சென்னையில் படித்த சந்திரசேகர் 1930இல் இங்கிலாந்துக்குக் கப்பலில் போகும் வழியில் கணக்குப் போட்டாரே, ஒரு வெண்குள்ளன் தாங்கக்கூடிய நிறையின் எல்லை, சூரியனைப் போல் 1.4 மடங்கு, அதோடு தொடர்புடைய வெடிப்பு இது. இரணைமடுக் குளக்கட்டில் ஒரே வாற்று மின்குமிழ்களை வரிசையாக மாட்டிவிட்டு எது மங்கலாகத் தெரிகிறதோ அது தூரம் என்று சொல்வது போலத்தான். தூரத்து வெடிப்புகள் எதிர்பார்த்ததைவிட மங்கலாக இருந்தன. அளக்கப் போனவர்கள் விரிவு எவ்வளவு மெதுவாகிறது என்று பார்க்கத்தான் போனார்கள், கிடைத்தது தலைகீழான விடை. விரிவை வேகப்படுத்துகிற அந்த ஏதோ ஒன்றுக்குத்தான் இருண்ட சக்தி என்று பெயர். இதைப் படிமுறையாகச் சொல்கிற புத்தகம் என்றால் நான் என் காசிலேயே வாங்கித் தருவேன். "இருண்ட சக்தி பிரபஞ்சத்தில் 68 வீதம்" என்று ஒரு வரியில் எழுதிவிட்டு அடுத்த அத்தியாயத்துக்குப் போகிற புத்தகம் வேண்டாம்.

மாங்குளத்தான்:
சேர், அந்த அளவுகோலுக்கு நான் உடன்படுகிறேன். ஆனால் பழசு என்ற காரணத்துக்காக ஒன்றைத் தள்ளுவது சரியில்லை என்பதில் நிற்கிறேன், ஏனென்றால் அப்படிப் பார்த்தால் புதுசும் நிற்காது. அரிசோனாவில் டெசி என்ற கருவி, ஒரே நேரத்தில் 5000 ஒளியிழைகளால் விண்மீன் மண்டலங்களின் ஒளியைப் பிரித்துப் பார்க்கிறது. 2024இலும் 2025இலும் வந்த அதன் முடிவுகளில், இருண்ட சக்தி காலத்தோடு பலவீனமாகிக்கொண்டு வரலாம் என்பதற்கான அடையாளம் தெரிகிறது. கண்டுபிடிப்பு என்று அறிவிக்கிற அளவுக்கு இன்னும் வலுவில்லை. ஆனால் அது உறுதியானால், என்றைக்கும் வேகம் கூடி எல்லாம் குளிர்ந்துபோகும் என்று 2020 புத்தகம் முதன்மையாகச் சொல்கிற முடிவே மறுபடி கேள்விக்குறியாகும். உங்கள் பெடியன் சொன்ன சுருக்கம்கூட முழுக்கச் செத்துப்போன யோசனை இல்லை.

பக்கத்துப் பெரிய விண்மீன் மண்டலமான அந்திரமேதாவும் அப்படித்தான். எங்கள் பால்வீதியோடு சுமார் 400 கோடி ஆண்டுகளில் கட்டாயம் மோதும் என்று எத்தனை புத்தகத்தில் வாசித்திருப்போம். 2025இல் வந்த ஆய்வொன்று அடுத்த 1000 கோடி ஆண்டுகளுக்குள் மோதும் வாய்ப்புப் பாதிக்குப் பாதிதான் என்கிறது. பிள்ளை இரண்டு புத்தகத்தையும் வாசிக்கட்டும், நாங்கள் வேறுபாட்டைக் காட்டிக் கொடுப்போம். 1988, 1998, 2025 மூன்றையும் ஒரே தட்டில் அடுக்கி வைத்தால் அதுவே பெரிய பாடம்.

கரும்பலகை:
காட்டிக்கொடுக்க ஒருவர் பக்கத்தில் இருந்தால் நீங்கள் சொல்வது சரி. உங்கள் வாசிகசாலையில் பின்னேரம் யார் இருக்கிறார்? திறப்பு வைத்திருக்கிற அம்மா ஒருவர்தானே. அப்புறம் கேட்டி மக்கின் புத்தகத்தில் வெற்றிட அழிவு என்றொரு அத்தியாயம் வருகிறது. துகள்களுக்கு நிறை கொடுக்கிற ஹிக்ஸ் புலம் திடீரென்று வேறு நிலைக்கு மாறி, அந்த மாற்றம் ஒளியின் வேகத்தில் பரவி எல்லாவற்றையும் அழிக்கலாம், முன்னறிவிப்பு எதுவும் இருக்காது. கணக்கின்படி அதற்கு எதிர்பார்க்கும் காலம் பிரபஞ்சத்தின் இன்றைய வயதான 1380 கோடி ஆண்டுகளைவிட நினைத்துப் பார்க்க முடியாத மடங்கு நீளம். ஆனால் பதினைந்து வயதுப் பிள்ளை மனதில் "எந்த நொடியிலும்" என்ற சொல்தான் நிற்கும்.

முல்லைக்கரை:
பதினைந்து வயதுப் பிள்ளைகளை நாங்கள் குறைத்து மதிப்பிடுகிறோம் சேர். முன்னறிவிப்பு இல்லாத ஆபத்தோடு வளர்ந்த தலைமுறை எங்களுடையது, அதற்குள்ளேயே இருந்து படித்துத்தான் நீங்களும் ஆசிரியரானீர்கள்.

எனக்கு இந்தப் புத்தகங்களில் பிடித்ததும் பிள்ளைகளுக்குச் சொல்ல விரும்புவதும் வேறொன்று. 2007இல் வந்த ஓர் ஆய்வுக் கட்டுரையின்படி, இந்த வேக விரிவு இப்படியே தொடர்ந்தால் சுமார் 10,000 கோடி ஆண்டுகளுக்குப் பிறகு எங்கள் மண்டலத்துக்கு வெளியே இருக்கிற மற்ற மண்டலங்கள் ஒன்றுமே தெரியாமல் போகும். பிரபஞ்சத்தின் தொடக்க காலத்திலிருந்து மிஞ்சி வரும், 1965இல் கண்டுபிடித்த அந்த நுண்ணலைப் பின்னணிக் கதிர்வீச்சும் பிடிபடாத அளவுக்கு நீண்டு மங்கிவிடும். அப்போது ஒரு நட்சத்திரத்தைச் சுற்றி யாராவது வாழ்ந்தால், எவ்வளவு கெட்டிக்காரராக இருந்தாலும் பிரபஞ்சம் விரிகிறது என்பதற்கு அவர்களுக்குச் சாட்சி கிடைக்காது. சாட்சி எல்லாம் கண்ணுக்கு முன்னால் இருக்கிற காலத்தில் நாங்கள் பிறந்திருக்கிறோம். நெடுங்கேணி அண்ணையின் மருமகன் கேட்ட கேள்விக்கு நான் இதைத்தான் சொல்வேன்: பார்க்க முடிகிற காலத்தில் இருந்துகொண்டு பார்க்காமல் போகாதே தம்பி.

நெடுங்கேணியான்:
இதை அவனுக்கு வாசித்துக் காட்டுகிறேன். ஆனாலும் எல்லாக் காசையும் புத்தகத்தில் போடாதீர்கள். பார்ப்பது என்று சொல்கிறீர்கள், எதைக் கொண்டு பார்ப்பது? ஒரு நல்ல பைனாகுலர் வாங்குங்கள். ஒட்டுசுட்டான் தாண்டிக் காட்டுப் பக்கம் போனால் இன்னும் இருட்டான வானம் இருக்கிறது, கொழும்புக்காரருக்கு அது கிடைக்காது.

கரும்பலகை:
இதில் நான் நெடுங்கேணியாருடன். 10க்கு 50 பைனாகுலர் (பத்து மடங்கு பெருப்பித்துக் காட்டும், முன் வில்லை 50 மில்லிமீற்றர்) ஒன்று இருந்தால் வியாழனின் நான்கு பெரிய துணைக்கோள்கள் தெரியும், கார்த்திகைக் கூட்டத்தில் வெறுங்கண்ணுக்குத் தெரியாத நட்சத்திரங்கள் எத்தனையோ தெரியும். மார்கழியில் மாரி முகில் விடாது. பொங்கல் கழிந்து நிலவில்லாத நாளாகப் பார்த்து மாலை ஏழரைக்கு வடமேற்கில் தேடினால் அந்திரமேதாவே மங்கலான புகை மாதிரித் தெரியும். 25 இலட்சம் ஆண்டுகளுக்கு முன் புறப்பட்ட ஒளி. அதைப் பார்த்த பிள்ளை அந்த மண்டலம் மோதுமா மோதாதா என்று தானாகவே புத்தகத்தைத் தேடிவரும். எங்கள் சண்டையில் எது முதலில் என்பதுதான் மிச்சம், நான் கருவி முதலில் என்கிறேன்.

மாங்குளத்தான்:
நான் புத்தகம் முதலில் என்கிறேன், ஏனென்றால் எங்கே பார்க்க வேண்டும் என்று தெரியாமல் பைனாகுலரைக் கொடுத்தால் பிள்ளைகள் ஒரு கிழமை நிலவைப் பார்த்துவிட்டு வைத்துவிடுவார்கள். பட்டியலில் இருந்து வேறு மூன்றை எடுத்துவிட்டு அந்தக் காசுக்குப் பைனாகுலர் வாங்கலாம் என்று கூட்டத்தில் சொல்லப்போகிறேன். ஹோக்கிங்கும் வைன்பேர்க்கும் கேட்டி மக்கும் நிற்கும், வெற்றிட அழிவு அத்தியாயத்தோடுதான். சேர், ஒன்று கேட்கிறேன். 1988க்குப் பிறகு என்ன மாறியது என்று இரண்டு பக்கத்தில் எழுதித் தாருங்கள், ஹோக்கிங்கின் புத்தகத்தில் முதல் பக்கத்திலேயே ஒட்டிவிடுகிறேன்.

கரும்பலகை:
எழுதித் தருகிறேன். டெசியின் அடுத்த முடிவு வந்ததும் அந்தத் தாளை மாற்ற வேண்டிவரும், அதனால் பசை பூசாமல் கிளிப் போட்டு வையுங்கள். வெற்றிட அழிவைப் பற்றி என் கருத்து மாறவில்லை, அதைக் கூட்டத்துக்கு வந்தும் சொல்வேன்.