டின் வாங்காமல் சூரை மீனில் டூனா சாலட் செய்ய முடியுமா?

வெலிங்டன்_வீட்டுச்சமையல் (கேள்வி):
எல்லோருக்கும் வணக்கம். வீட்டில் நாலு பேர். வாரம் இரண்டு நாள் பிரெட்டுக்கு நடுவே வைக்க டூனா சாலட் வேண்டும். டின் விலையும் மயோனைஸ் பாட்டில் விலையும் சேர்ந்தால் கையைக் கடிக்கிறது. குன்னூர் மார்க்கெட்டில் சூரை (டூனா வகை மீன்தான்) வருகிறது, வஞ்சிரத்தோடு பார்த்தால் விலை ரொம்பக் குறைவு. அதை வைத்து டின்னில் வருவது மாதிரி உதிரியாக, கவுச்சி இல்லாமல் செய்ய வழி இருக்கிறதா? பச்சை முட்டை போடாத மயோனைஸ் வேண்டும். கலந்து ஒரு மணி நேரத்தில் சாலட் தண்ணீர் விட்டுவிடுவது ஏன்? காலையில் டப்பாவில் கட்டிக் கொடுத்தால் மதியம் வரை தாங்குமா? அளவோடு சொன்னால் நல்லது.

மீன்சட்டி:
முடியும். ஆனால் சமையலைவிட மீன் பார்த்து வாங்குவதில்தான் விஷயம் இருக்கிறது, அதனால் அங்கிருந்தே தொடங்குகிறேன்.

சூரை கடலிலிருந்து வந்ததும் ஐஸில் இருக்க வேண்டிய மீன். சூடு பட்டால் அதன் சதையில் கிருமிகள் ஹிஸ்டமின் என்ற பொருளை உண்டாக்கும். ஒருமுறை உண்டானால் எவ்வளவு கொதிக்க வைத்தாலும் போகாது, ஃப்ரீஸரில் வைத்தாலும் போகாது. முகம் சிவப்பது, தடிப்பு, தலைவலி, வயிற்றுப்போக்கு எல்லாம் அதனால் வருபவை. நமக்கு வரும் மீன் கோயம்புத்தூர், மேட்டுப்பாளையம் தாண்டி மலையேறி வருகிறது, கூடலூர்ப் பக்கம் கேரளக் கடற்கரையிலிருந்து வருகிறது. வழியில் ஐஸ் தீர்ந்திருந்தால் மேலே வந்ததும் குளிர் அதை மறைத்துவிடும்; தொட்டால் சில்லென்றுதான் இருக்கும். அதனால் பெட்டியில் ஐஸ் மிச்சம் இருக்கிறதா என்று பாருங்கள். செவுள் சிவப்பாக, வயிறு அழுத்தினால் கெட்டியாக, வெட்டிய சதை அடர்சிவப்பாக இருக்கணும். பழுப்பு ஏறியிருந்தால் வேண்டாம். வெந்த பிறகு சதையில் தேன்கூடு மாதிரி சின்னச் சின்ன ஓட்டைகள் தெரிந்தாலும், நாக்கில் மிளகு கடித்ததுபோல் சுருக்கென்றாலும் தூக்கிப் போட்டுவிடுங்கள். காசு போனால் போகட்டும்.

விலைக் கணக்கு: முழு மீன் ஒரு கிலோவில் தலை, குடல், தோல், முள், கறுத்த சதை எல்லாம் போனால் வெந்த வெள்ளைச் சதை சுமார் 400 கிராம் தேறும். உதாரணத்துக்குக் கிலோ 240 ரூபாய் என்றால் 100 கிராமுக்கு 60 ரூபாய். டின்னில் மேலே போட்டிருக்கும் மொத்த எடையைப் பார்க்காதீர்கள், வடித்த எடை என்று தனியாக ஒன்று போட்டிருப்பார்கள். 180 கிராம் டின்னில் மீன் 120 கிராம் பக்கம்தான். அன்றைய விலையை இந்த இரண்டு எடையாலும் வகுத்துப் பாருங்கள்.

வெட்டும்போது தோல் உரித்து, நடுமுள் எடுத்து, நாலு நீளத் துண்டாகக் கேளுங்கள். பக்கவாட்டில் ஓடும் கறுத்த சதையைக் கத்தியால் சீவி எடுத்துவிடுங்கள். கவுச்சியில் பாதி அதிலிருந்துதான் வருகிறது. (அதைக் குழம்பில் போடலாம், வீணில்லை.) 1 லிட்டர் குளிர்ந்த தண்ணீரில் 2 மேசைக்கரண்டி உப்பு கரைத்து, மீனைப் போட்டு 20 நிமிடம் ஃப்ரிட்ஜில் வையுங்கள். ரத்தம் இறங்கிவிடும். அந்தத் தண்ணீரைக் கொட்டிவிடுங்கள்.

வேறு 1 லிட்டர் தண்ணீரில் 1 மேசைக்கரண்டி உப்பு, 2 மேசைக்கரண்டி வினிகர், ஒரு பிரிஞ்சி இலை, பத்து மிளகு, பாதி வெங்காயம் போட்டுக் கொதிக்க விடுங்கள். மீனைப் போட்டதும் தீயைக் குறைத்துவிடணும். ஓரத்தில் மட்டும் சின்னக் குமிழ் வரணும், தளதளவென்று கொதிக்கக் கூடாது. கொதித்தால் சதை சுருங்கிச் சாற்றை வெளியே தள்ளிவிடும், வாயில் நாராக நிற்கும். 3 செ.மீ. தடிமன் துண்டுக்கு 12 நிமிடம். நடுவில் முள்கரண்டியால் திருகினால் அடுக்கடுக்காகப் பிரியணும், உள்ளே சிவப்பு இருக்கக் கூடாது. அடுப்பை அணைத்து அந்தத் தண்ணீரிலேயே 20 நிமிடம் விட்டால் ஈரம் சதைக்குள் நிற்கும். பிறகு வடித்து, மூடி, ஃப்ரிட்ஜில் ஆறவிட்டு உதிருங்கள். சூடாக உதிர்த்தால் தூளாகிவிடும்.

கொடை_அடுப்படி:
மீன்சட்டி அண்ணா சொன்ன முறையில் மென்மையாக வரும். டின் மீனின் அதே பதம் வேண்டுமென்றால் குக்கர்தான். டின் மீனும் டின்னுக்குள் அழுத்தத்தில் வேகிறதுதானே.

சுத்தம் செய்த சதை 400 கிராம், 4 செ.மீ. துண்டுகள். முக்கால் தேக்கரண்டி உப்பு பிசறி, மூடி உள்ள எவர்சில்வர் டப்பாவில் நெருக்கமாக அடுக்கி, கடலை எண்ணெய் அல்லது சூரியகாந்தி எண்ணெய் 4 மேசைக்கரண்டி ஊற்றுங்கள். தண்ணீர் விட வேண்டாம், மீனே விடும். குக்கரில் இரண்டு டம்ளர் தண்ணீர் வைத்து, டப்பாவை மூடி உள்ளே இறக்கி, முதல் விசிலுக்குப் பிறகு சிறு தீயில் 35 நிமிடம். பிரஷர் தானாக இறங்கட்டும். ஊட்டி, கொடைக்கானல் உயரத்தில் 5 நிமிடம் கூட்டிக்கொள்ளுங்கள். இங்கே தண்ணீர் 92, 93 டிகிரியிலேயே கொதித்துவிடும். குக்கருக்குள்ளும் 121 டிகிரி வராமல் 117 பக்கத்தில் நின்றுவிடும்.

தேங்காய் எண்ணெய் மட்டும் வேண்டாம். நம் குளிருக்கு உறைந்து, சாலட்டில் வெள்ளைக் கட்டிகளாக நிற்கும்.

சூரை கிடைக்காத வாரம் மத்தியை இதே மாதிரி குக்கரில் வைக்கலாம். இன்னும் மலிவு, முள்ளும் மெத்தென்று ஆகிவிடும். வாசம் தூக்கலாக இருக்கும், அதனால் எலுமிச்சையும் வெங்காயமும் கொஞ்சம் கூடுதலாக.

மீன்சட்டி:
குக்கர் முறை நல்ல முறை. ஒன்றை மட்டும் சேர்த்துச் சொல்லணும். எண்ணெயில் மூழ்கியிருக்கிறது, குக்கரில் வெந்திருக்கிறது என்பதற்காக அதை அலமாரியில் வைக்கவே கூடாது. எண்ணெய்க்கு அடியில் காற்று இல்லை, காற்றில்லாத இடத்தில்தான் பொட்டுலிசம் கிருமி விஷம் உண்டாக்கும். தொழிற்சாலையில் டின்னை முழுக்க அடைத்து, வெப்பத்தையும் நேரத்தையும் அளந்து வேகவைக்கிறார்கள். வீட்டு டப்பாவுக்கும் மலை உயரத்துக்கும் அது பொருந்தாது. ஃப்ரிட்ஜில் 2 நாள், மூன்றாம் நாள் கடைசி. அதற்கு மேல் வேண்டுமென்றால் உதிர்த்த மீனை மட்டும் பிரித்துக் கட்டி ஃப்ரீஸரில் ஒரு மாதம் வைக்கலாம். கலந்த சாலட்டை ஃப்ரீஸரில் வைத்தால் திரிந்து தண்ணீராகப் பிரியும்.

மலைக்காய்:
சாலட் பகுதியை நான் சொல்கிறேன்.

பச்சை முட்டையைத் தவிர்ப்பது சரியான முடிவு. சால்மோனெல்லா போன்ற கிருமி பயத்தால்தான் 2025 ஏப்ரலில் தமிழ்நாடு அரசு பச்சை முட்டை மயோனைஸ் தயாரிக்கவும் விற்கவும் ஓராண்டுத் தடை போட்டது. வீட்டுக்கு மலிவான மாற்று, வேகவைத்த மஞ்சள் கரு. முட்டை இரண்டு. கொதிக்கிற தண்ணீரில் போட்டு 13, 14 நிமிடம். கீழ்நாட்டுக் கணக்கில் 10 நிமிடத்தில் எடுத்தால் மலையில் நடுவில் பிசுபிசுவென்று இருக்கும். மஞ்சள் கருவை மட்டும் நைஸாக மசித்து, 1 தேக்கரண்டி கடுகு விழுது (கடுகை வினிகரில் ஊறவைத்து அரைத்தது), 1 மேசைக்கரண்டி வினிகர், அரைத் தேக்கரண்டி சர்க்கரை, உப்பு சேர்த்து அடியுங்கள். அடித்துக்கொண்டே சூரியகாந்தி எண்ணெய் 4 மேசைக்கரண்டி, முதலில் சொட்டுச் சொட்டாக, கெட்டிப்பட்ட பிறகு மெல்லிய தாரையாக. ஒரேயடியாக ஊற்றினால் பிரிந்துவிடும். பிரிந்தால் ஒரு கரண்டி கெட்டித் தயிரை வேறு கிண்ணத்தில் எடுத்து, பிரிந்ததை அதில் கொஞ்சம் கொஞ்சமாக விட்டு அடியுங்கள், சேர்ந்துவிடும்.

இதோடு வடிகட்டிய தயிர் 150 கிராம் கலந்தால் நாலு பேருக்குப் போதும், எண்ணெய்ச் செலவும் குறையும். அரை லிட்டர் கெட்டித் தயிரைத் துணியில் கட்டி, ஃப்ரிட்ஜுக்குள்ளேயே கிண்ணத்தின் மேல் 4 மணி நேரம் வைத்தால் 200 கிராமுக்குக் குறையாது. இங்கே தயிர் உறையவே ராத்திரி முழுக்க ஆகும், ஹாட்பாக்ஸில் வைத்து உறை ஊற்றுங்கள். புளித்த தயிர் இதற்கு ஆகாது.

காய்க்கு நாம் கொடுத்து வைத்தவர்கள். உழவர் சந்தையில் கேரட், முட்டைக்கோஸ், செலரி எல்லாம் அன்று பறித்ததாகக் கிடைக்கும். செலரி இல்லாத நாளில் நூல்கோல் போடுங்கள். தோல் சீவி, பட்டாணி அளவு நறுக்கி, பச்சையாகவே. நறுக்கென்ற கடிப்பு செலரியைவிட நன்றாகவே இருக்கும், விலையும் குறைவு. 300 கிராம் மீனுக்கு நூல்கோல் சின்னதாக ஒன்று, கேரட் ஒன்று துருவியது, சின்ன வெங்காயம் எட்டு, முட்டையின் வெள்ளைக்கரு நறுக்கியது, மிளகுத்தூள் அரைத் தேக்கரண்டி. கொடைக்கானல் மலைப்பூண்டு இருந்தால் பாதிப் பல் மட்டும். பச்சையில் அதன் காரம் மீனையே மறைத்துவிடும்.

தண்ணீர் விடுவதற்குக் காரணம் உப்பு. காயில் உப்பு பட்டதும் உள்ளே இருக்கும் நீரை இழுத்துக் கொட்டும். நூல்கோல், கேரட், வெங்காயம் மூன்றிலும் அரைத் தேக்கரண்டி உப்பு பிசறி 15 நிமிடம் வைத்து, துணியில் போட்டு இறுகப் பிழிந்துவிடுங்கள். உதிர்த்த மீனையும் ஒருமுறை கையால் அழுத்திப் பிழியணும், இதைத்தான் நிறையப் பேர் விட்டுவிடுகிறார்கள். எல்லாம் ஆறியிருக்கணும். சூட்டோடு கலந்தால் மயோனைஸ் இளகி எண்ணெய் பிரியும். எலுமிச்சை கடைசியில், உப்பை ருசி பார்த்த பிறகு. மீனில் ஏற்கெனவே உப்பு ஏறியிருக்கும்.

சந்தைக்கடை:
எல்லா மாதமும் சூரைதான் மலிவு என்று எண்ண வேண்டாம். கிழக்குக் கடற்கரையில் ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை விசைப்படகுகளுக்குத் தடை. மேற்கில் ஜூன், ஜூலை. அந்த மாதங்களில் மலைக்கு வருவது குறைந்து விலை ஏறும், பல நாள் ஐஸில் கிடந்த மீனும் நடுவே வரும். அப்போது டின் வாங்குவதே மேல். சாலட்டுக்கு முழுத் துண்டு டின் தேவையில்லை, எப்படியும் உதிர்க்கப் போகிறோம். உதிரி என்று போட்ட டின் மலிவு. உப்புத் தண்ணீர் டின்னை வாங்கி நன்றாக வடித்துவிடுங்கள்.

வெலிங்டன்_வீட்டுச்சமையல்:
எல்லோருக்கும் நன்றிங்க. டப்பா விஷயம் மட்டும் பாக்கி. காலை ஏழரைக்குக் கட்டினால் பள்ளியில் பன்னிரண்டரைக்குச் சாப்பிடுவார்கள். இங்கே குளிர்தானே, தாங்காதா? சின்னவளுக்கு நாலு வயது, அவளுக்குச் சூரை கொடுக்கலாமா?

மீன்சட்டி:
தாங்காதுங்க. வெளியே 16, 17 டிகிரி என்றால் நமக்குத்தான் குளிர். ஃப்ரிட்ஜ் 4 டிகிரி, அதற்கு மேலே கிருமி பெருகிக்கொண்டே இருக்கும். மீனும் தயிரும் முட்டையும் சேர்ந்த பண்டம் வெளியே 2 மணி நேரத்துக்கு மேல் இருக்கக் கூடாது, மலையிலும் அதே கணக்குதான். கொடுத்தே ஆகணும் என்றால் முந்தைய ராத்திரியே கலந்து ஃப்ரிட்ஜில் வைத்து, காலையில் எவர்சில்வர் டப்பாவில் போட்டு, ராத்திரி முழுக்க ஃப்ரீஸரில் உறைந்த சின்ன எவர்சில்வர் பாட்டிலை ஒட்டி வைத்து, குளிர் தாங்கும் பையில் இரண்டையும் சேர்த்துக் கட்டுங்கள். பாட்டிலில் முக்கால் அளவுதான் தண்ணீர், உறையும்போது விரியும். மதியம் திறக்கும்போது உள்ளே ஐஸ் மிச்சமிருந்தால் சாப்பிடலாம், கரைந்து வெதுவெதுப்பாகியிருந்தால் வேண்டாம் என்று பிள்ளைகளிடம் சொல்லி அனுப்புங்கள். பை இல்லையென்றால் பள்ளிக்கு வேறு ஏதாவது கொடுத்துவிட்டு, சாலட்டைச் சாயங்காலத்துக்கு வைத்துக்கொள்ளுங்கள்.

சின்னவளுக்குத் தாராளமாகக் கொடுக்கலாம், வாரம் ஒருநாள், இரண்டு மேசைக்கரண்டி அளவு. பாதரசம் பெரிய மீனில்தான் அதிகம் சேரும், அதனால் குழந்தைக்கும் கர்ப்பிணிகளுக்கும் ஒன்றரைக் கிலோவுக்கு உட்பட்ட சின்னச் சூரையாகப் பார்த்து வாங்குங்கள். துண்டு போட்டு விற்கும் கேரை (பெரிய சூரை வகை) அவர்களுக்கு வேண்டாம்.

மலைக்காய்:
பிரெட் ஊறாமல் இருக்க இரண்டு துண்டிலும் உள்பக்கம் மெல்ல வெண்ணெய் தடவி, அதன் மேல் ஒரு முட்டைக்கோஸ் இலையோ லெட்டூஸோ துடைத்து வைத்து, பிறகு சாலட். ஒரு சாண்ட்விச்சுக்கு 3 மேசைக்கரண்டி போதும். மேலே சொன்ன அளவு எட்டு சாண்ட்விச்சுக்குத் தாராளமாக வரும்.