அக்காவின் ஸ்மியர் ரிப்போர்ட்டில் டார்கெட் செல்கள்: விவரம் தெரிந்தவர்கள் சொல்லுங்கள்

வணக்கம். லேபில் ஸ்மியர் (ரத்தத்தை ஸ்லைடில் தடவி மைக்ராஸ்கோப்பில் பார்ப்பது) பார்த்துப் பழகியவர்கள், ரத்தவியல் படித்தவர்கள் யாராவது வழிகாட்டுங்கள்.

அக்காவுக்கு ஹீமோகுளோபின் 10.2. மாதக்கணக்கில் இரும்புச்சத்து மாத்திரை சாப்பிட்டும் ஏறவே இல்லை. சிவப்பணுக்கள் சிறுத்து வெளிறியிருக்கின்றன, டார்கெட் செல்கள் (நடுவில் புள்ளியோடு இலக்குப் பலகைபோல் தெரியும் சிவப்பணுக்கள்) நிறைய, கண்ணீர்த்துளி வடிவில் சில என்று ஸ்மியரில் எழுதியிருக்கிறார்கள். எம்சிவி (சிவப்பணுவின் சராசரி அளவு) 64, ஆனால் சிவப்பணு எண்ணிக்கை 54 லட்சம், அதாவது 5.4 மில்லியன். இதுதான் எனக்கு உறுத்துகிறது. வெறும் இரும்புச்சத்துக் குறைவு என்றால் எண்ணிக்கையும் பொதுவாக இறங்கியிருக்கும். 64-ஐ 5.4-ஆல் வகுத்தால் 12கூட வரவில்லை. 13-க்குக் கீழே வந்தால் தலசீமியா மைனரை (ஹீமோகுளோபின் சரியாக உருவாகாத பரம்பரைக் குறையின் லேசான வகை) சந்தேகிக்கச் சொல்கிறது மென்ட்சர் கணக்கு. டார்கெட் செல்கள் கல்லீரல் நோயிலும் வரும், மண்ணீரலை எடுத்தவர்களுக்கும் வரும். அக்காவுக்கு அந்த இரண்டும் இல்லை.

ஹெச்பி ஏ2 (ஹீமோகுளோபினில் ஒரு வகை, பீட்டா தலசீமியா மைனரில் கூடும்) டெஸ்ட் எடுக்கலாம் என்றிருக்கிறோம். இரும்புச்சத்து குறைந்திருந்தால் ஏ2 அளவும் குறைத்துக் காட்டும் என்பதால் ஃபெரிட்டினை (உடலின் இரும்புச் சேமிப்பைக் காட்டும் டெஸ்ட்) முதலில் பார்ப்பதா, இரண்டையும் சேர்த்தே எடுப்பதா?

கண்ணீர்த்துளி செல்கள் எலும்பு மஜ்ஜை நோயிலும் வருமே, அந்தப் பயம் தேவையா? ஸ்லைடில் ரத்தத்தை இழுக்கும்போதே அப்படி ஆவதுண்டு, அப்போது வால்கள் எல்லாம் ஒரே திசையில் நிற்கும் என்கிறார்கள். மறுபடி ஸ்மியர் எடுக்கச் சொல்லலாமா?

அக்காவும் மாமாவும் குழந்தைக்குத் திட்டமிடுகிறார்கள். இருவருக்குமே பீட்டா தலசீமியா மைனர் இருந்தால் ஒவ்வொரு குழந்தைக்கும் கடுமையான தலசீமியா வர 25 சதவீத வாய்ப்பு உண்டு. மாமாவையும் இப்போதே டெஸ்ட் எடுக்கச் சொல்லட்டுமா, அக்காவின் முடிவு வரட்டுமா? தயவுசெய்து பதில் போடுங்கள்.