இழை: ‘பப்ளிக் டொமைன்’ – திங்கட்கிழமைக்குள் ஒரு சொல் வேண்டும்

மீ. எழுதியது:
வணக்கம். பழைய சித்திரக்கதைகளின் மின்தொகுப்பு ஒன்றின் இடைமுகத்தைத் தமிழாக்கிக்கொண்டிருக்கிறேன். பதிப்புரிமை இல்லாததால் யாரும் எடுத்துப் பயன்படுத்தக்கூடிய கதைகளின் அட்டைப்படத்துக்குக் கீழே ‘பப்ளிக் டொமைன்’ என்று ஒரு பொத்தான் வருகிறது. ஐந்தாறு எழுத்துக்கு மேல் அதில் இடமில்லை. இப்போதைக்கு ‘பொதுவெளி’ என்று போட்டிருக்கிறேன். திங்கட்கிழமை காலை கோப்பை ஒப்படைக்க வேண்டும்.

இரா. எழுதியது:
பொதுவெளி வேண்டவே வேண்டாம். யாரோ ஸ்கேன் செய்து ஏற்றிய இரும்புக்கை மாயாவியும் பொதுவெளியில்தான் கிடக்கிறான். 1972-இல் முத்து காமிக்ஸ் தமிழில் கொண்டுவந்த அந்தப் பிரிட்டிஷ் கதைக்கு இன்றும் உரிமையாளர் உண்டு. நம்மிடம் ‘நாட்டுடைமை’ இருக்கிறதே! 1949-இல் பாரதியார் நூல்களில் தொடங்கியது. தமிழ் இணையக் கல்விக்கழகத்தின் மின்னூலகத்தில் நாட்டுடைமை நூல்களை இன்று யாரும் படிக்கலாம்.

மீ. எழுதியது:
வாரிசுகளுக்குப் பரிவுத்தொகை கொடுத்து அரசு பெற்றுக்கொள்வது நாட்டுடைமை. 1905-இல் நியூயார்க் நாளிதழில் வந்த ‘லிட்டில் நெமோ’ சித்திரக்கதையை எந்த அரசு பெற்றது? அமெரிக்காவில் 1964-க்கு முன் வெளியானவற்றுக்கு 28-ஆம் ஆண்டில் உரிமையைப் புதுப்பிக்க வேண்டியிருந்தது. கடையைக் கட்டிவிட்ட பதிப்பகங்கள் பலவும் புதுப்பிக்கவில்லை. என் தொகுப்பில் பெரும்பகுதி அப்படி விடுபட்டதுதான். மேலும் 1969-இல் 14 வங்கிகளை நாட்டுடைமையாக்கினார்கள். உள்ளே போய் அள்ளிக்கொண்டா வருகிறோம்?

புலவர் ஐயா எழுதியது:
புறநானூறு 189 ‘தெண்கடல் வளாகம் பொதுமை இன்றி’ என்று தொடங்குகிறது. பிறருக்குப் பங்கின்றித் தான் ஒருவனே ஆள்வது ‘பொதுமை இன்றி’. எனவே தனியுரிமை நீங்கிய நிலை ‘பொதுமை’. மூன்றே எழுத்து! பட்டினப்பாலையில் வரும் ‘வம்பலர் சேக்கும் கந்துடைப் பொதியில்’ என்பதையும் பாருங்கள். முன்பின் அறியாதவரும் வந்து தங்கும் மன்றம் அது. பொது என்பதன் அடியாகப் பிறந்தது பொதியில். இதற்கும் பொதிகை மலைக்கும் உள்ள உறவை அடுத்த மடலில் விரிப்பேன்.

இரா. எழுதியது:
ஐயா, மலை திங்கட்கிழமைக்குப் பிறகு வரட்டும். ‘பொதுமை’ என்று பொத்தானில் கண்டால் எட்டாம் வகுப்பு மாணவன் எதை நினைப்பான்? உரிமை என்ற சொல் இருந்தால்தான் விளங்கும். ‘பொதுவுரிமை’ என்போம்.

கு. எழுதியது:
வருவாய்த்துறையில் முப்பது ஆண்டு இருந்தவன் சொல்கிறேன்: ‘புறம்போக்கு’. பட்டா கிடையாது, தீர்வை கிடையாது, ஊரே புழங்கலாம். உரிமை முடிந்த கதைக்குத் தன் முத்திரையைக் குத்தி, இனி யாரும் தொடக்கூடாது என்று மிரட்டுகிறார்களே, அதற்கும் ‘ஆக்கிரமிப்பு’ என்று தயாராக ஒரு சொல் இருக்கிறது.

மீ. எழுதியது:
அட்டைப்படத்தின் கீழே அதைப் போட்டால் வரைந்தவரைத் திட்டியது போல் இருக்கும், அண்ணா. ‘பொதுரிமை’ என்று சுருக்கலாமா?

புலவர் ஐயா எழுதியது:
கூடாது. ‘பொது’வில் தனிக்குறிலை அடுத்து நிற்பது முற்றியலுகரம், அதாவது குறுகாமல் முழுதாக ஒலிக்கும் உகரம். அது கெடாமல், இடையில் ‘வ்’ என்னும் உடம்படுமெய் பெறும். முற்றியலுகரமும் சில இடங்களில் கெடும் என்னும் நன்னூலின் ‘முற்றும் அற்று ஒரோவழி’யை யாரும் தூக்கிக்கொண்டு வர வேண்டாம். அந்த ‘ஒரோவழி’ இதுவன்று.

இரா. எழுதியது:
இன்னொரு முள். டின்டின் சித்திரக்கதையின் 1929-ஆம் ஆண்டுப் பக்கங்கள் அமெரிக்காவில் 2025 பிறந்ததும் உரிமையிலிருந்து விடுபட்டன. வரைந்தவர் மறைந்தது 1983. இந்தியச் சட்டப்படி ஆயுளுக்குப் பின் 60 ஆண்டு என்பதால், இங்கே 2043 முடியும்வரை உரிமை உண்டு. எந்தச் சொல்லைப் போட்டாலும் பக்கத்தில் நாட்டின் பெயரும் வர வேண்டும்.

மீ. எழுதியது:
நாட்டின் பெயருக்கு இடமில்லை. பொத்தானைத் தொட்டால் விரியும் குறிப்பில் சேர்த்துவிட்டேன். ‘பொதுவுரிமை’ என்றே கோப்பை அனுப்பியாயிற்று. ஆனால் என் கைப்பேசியில் பொத்தான் ‘பொதுவுரி’ என்பதோடு நின்றுவிடுகிறது. எழுத்தளவைக் குறைக்கச் சொல்லியிருக்கிறேன்.

புலவர் ஐயா எழுதியது:
‘பொதுமை’ முழுதாகத் தெரிந்திருக்கும்.

கு. எழுதியது:
என் வாக்கு புறம்போக்குக்கே.