மரவண்டி: அழகா, சிக்கனமா?

தேக்குமரன்:
1941 கிரைஸ்லர் டவுன் அண்ட் கன்ட்ரி வண்டியின் படங்களை நேற்று இரவெல்லாம் பார்த்துக்கொண்டிருந்தேன். வெள்ளை ஆஷ் மரத்தில் சட்டம், அதற்குள் ஹோண்டுராஸ் மஹாகனிப் பலகை, பின்னால் பீப்பாய் போல வளைந்து இரண்டாகத் திறக்கும் கதவு. இப்படிப்பட்ட வண்டிகளைத்தான் அமெரிக்காவில் 'வுடி' என்று செல்லமாகச் சொல்வார்கள். என் கருத்தை நேராகவே சொல்லிவிடுகிறேன். மரத்தைக் கைவிட்டது கார் கம்பெனிகள் அழகுக்குச் செய்த துரோகம். ஃபோர்டு கன்ட்ரி ஸ்கொயர் 1991 வரை பக்கவாட்டில் மரம் போல அச்சடித்த வினைல் தாளோடு வந்தது. மரத்தைக் கழற்றி எறிந்துவிட்டு அதன் படத்தை ஒட்டி விற்றார்கள் என்றால், மக்கள் மனதில் எது இருந்தது என்று புரிகிறதா?

நாமக்கல் பாடி:
வணக்கம் சார். எங்கள் அப்பா லாரிக்கு மர பாடி கட்டியவர். மரத்தின் மேல் எனக்கும் பாசம் உண்டு. ஆனால் வரலாற்றை நீங்கள் நடுவில் இருந்து ஆரம்பிக்கிறீர்கள்.

உங்கள் வுடிகள் பெரும்பாலும் ஸ்டேஷன் வேகன்கள், அதாவது பெட்டி ஏற்ற வசதியாகக் கூரை பின்கடைசி வரை நீண்ட கார்கள். ஸ்டேஷன் வேகன் என்ற பெயரே ரயில்வே ஸ்டேஷனில் இருந்து வந்தது. 1910களில் அமெரிக்க ஓட்டல்காரர்கள் ரயிலில் வந்து இறங்கும் ஆட்களையும் பெட்டி படுக்கையையும் ஏற்றிவர ஒரு வண்டி வேண்டும் என்றார்கள். ஃபோர்டு மாடல் டி காரின் சேஸிஸை (எஞ்சினும் சக்கரமும் உள்ள அடிச்சட்டம்) வாங்கி, உள்ளூர்த் தச்சரிடம் கொடுத்து, மேலே கூரையும் பெஞ்சும் அடித்துக்கொண்டார்கள். 'டிப்போ ஹேக்' என்று பெயர். கண்ணாடிக்குப் பதில் பக்கத்தில் சுருட்டிவிடும் திரைதான். நம் ஊரில் சேஸிஸை வாங்கிவந்து பாடி கட்டுவதும் இதே வழிதானே.

ஏன் மரம்? தகடு பாடி செய்ய ராட்சத பிரஸ்ஸும் தகட்டை வடிவத்துக்கு அழுத்தும் அச்சுகளும் வேண்டும். ஒரே வடிவத்தில் லட்சக்கணக்கில் அடித்தால்தான் அச்சுக்குப் போட்ட காசு வரும். வருஷத்துக்குச் சில ஆயிரம் விற்கும் வண்டிக்குக் கட்டாது. தச்சருக்கு அச்சு தேவையில்லை. அவ்வளவுதான் காரணம்.

1929-இல் ஃபோர்டு மாடல் ஏ வரிசையில் ஸ்டேஷன் வேகனைச் சேர்த்தபோதும் இதே கணக்குதான். மிச்சிகன் மாநிலத்தில் அயர்ன் மவுன்டன் பக்கம் ஹென்றி ஃபோர்டுக்குச் சொந்தக் காடு, சொந்த மர ஆலை. மேப்பிளும் பிர்ச்சும் அங்கிருந்து வந்தன. அறுத்த மிச்சத்தைக்கூட வீணாக்காமல் கரிக்கட்டி ஆக்கி விற்றார். இன்று அமெரிக்காவில் இறைச்சி சுடும் அடுப்புக்கு வாங்கும் கிங்ஸ்ஃபோர்டு கரியின் பிறப்பு அதுதான்.

தேக்குமரன்:
பிறப்பு அப்படி என்று ஒப்புக்கொள்கிறேன் தம்பி. வளர்ப்பைப் பாருங்கள். ஓட்டல் வாசலில் இருந்த வண்டி பண்ணை மாளிகை வாசலுக்குப் போனது. டவுன் அண்ட் கன்ட்ரி, கன்ட்ரி ஸ்கொயர், எஸ்டேட் என்ற பெயர்களைக் கவனியுங்கள், எல்லாமே பண்ணையார் பெயர்கள்.

அப்புறம், 1946-இல் ஃபோர்டு ஸ்போர்ட்ஸ்மேன் வந்தது. கூரை மடங்கும் இரண்டு கதவு கார். பெட்டி ஏற்ற இடமில்லை, ஓட்டலுக்கும் சம்பந்தமில்லை. அதற்கு ஏன் மரம்? விலையும் கூடுதல். கண்ணுக்கு அழகு என்பதைத் தவிர வேறு பதில் இருக்கிறதா?

நாமக்கல் பாடி:
இருக்கிறது. போர் முடிந்து வந்த 1946 மாடல்கள் பெரும்பாலும் போருக்கு முந்தைய கார்களின் மறுபதிப்பு. புதிய அச்சு செய்ய நேரமில்லை. அயர்ன் மவுன்டன் ஆலையோ போர்க்காலத்தில் ராணுவத்துக்கு மரம் நிறையச் சேர்ந்த 4,190 கிளைடர்கள் (எஞ்சின் இல்லாத விமானங்கள்) செய்து கொடுத்துவிட்டு நின்றது. கையில் ஆளும் மரமும் இருக்க, பழைய காரைப் புதிதாகக் காட்ட அதைவிடச் சுலபமான வழி எது? அழகாக இருந்தது, மறுக்கவில்லை. ஆனால் அந்த அழகுக்குப் பின்னால் கணக்குப் பிள்ளை உட்கார்ந்திருந்தார்.

உங்கள் கிரைஸ்லரையே எடுங்கள். 1947-இலேயே உண்மையான மஹாகனியை எடுத்துவிட்டு டைநாக் என்ற மரப்படத் தாளை ஒட்டினார்கள். சட்டம் ஆஷ் மரம், நடுவில் படம்! வாங்கியவர்களில் பலருக்கு வித்தியாசமே தெரிந்திருக்காது. படம் ஒட்டும் பழக்கம் மரவண்டிக் காலத்திலேயே வந்துவிட்டது.

தேக்குமரன்:
அந்தத் தாள் விஷயம் எனக்கு வலிக்கிறது. ஆனால் உண்மைதான்.

இரும்புக்கை:
நடுவில் வருகிறேன். வாங்கியவர்கள் பட்ட பாட்டை யாரும் பேசவில்லையே. அந்த வண்டிக்கு வருஷா வருஷம் வார்னிஷ் அடிக்க வேண்டும். மழையில் உப்பும், வெயிலில் சுருங்கும், மூட்டு தளர்ந்து ஓடும்போதெல்லாம் கிறீச்சிடும். 1946-இல் வில்லிஸ் ஜீப் ஸ்டேஷன் வேகன் முழுத் தகட்டில் வந்தது. புரூக்ஸ் ஸ்டீவன்ஸ் வடிவமைத்தது. மரம் போலத் தெரிய வர்ணம் மட்டும் அடித்தார்கள். 1949-இல் பிளிமத் சபர்பனும் தகட்டில் வந்தது. குடும்பங்கள் ஸ்டேஷன் வேகனை எண்ணிக்கையில் வாங்க ஆரம்பித்தது தகடு வந்த பிறகுதான். அப்போது அச்சுக்குப் போட்ட காசும் கட்டுப்படியானது. 1953-இல் பியூக் மட்டும் நிஜ மரத்தோடு நின்றது. அதன் ரோட்மாஸ்டர் எஸ்டேட் அந்த வருஷம் 670 வண்டிதான். அத்தோடு அமெரிக்காவில் கதை முடிந்தது. துரோகம் என்ற சொல் அதிகம்.

கென்ட்வாசி:
மூவரும் அமெரிக்காவிலேயே நிற்கிறீர்கள். இங்கே இங்கிலாந்தில் 1971 வரை மரவண்டி தயாரானது. என் வீட்டு வாசலில் ஒன்று நிற்கிறது: 1968 மோரிஸ் மைனர் டிராவலர்.

இதில் மரம் நகை அல்ல, எலும்பு. முன்கதவுக்குப் பின்னால் இரும்புக் கூடு முடிந்துவிடும். அலுமினியக் கூரையையும் பக்கத் தகடுகளையும் தாங்குவது ஆஷ் சட்டம்தான். இந்த வயது வண்டிக்கு 2018 வரை கட்டாயமாக இருந்த வருடாந்திரத் தகுதிச் சோதனையில், அது உளுத்தால் வண்டி தோற்கும், இரும்பு துருப்பிடித்தால் தோற்பது போலவே. எனக்கு விற்றவர் உளுத்த இடத்தில் மக்கு (ஓட்டை அடைக்கும் பசை) திணித்து மேலே வார்னிஷ் பூசியிருந்தார். முதல் குளிர்காலத்திலேயே ஜன்னல் அடிச்சட்டத்தில் ஸ்க்ரூடிரைவர் பாதி வரை இறங்கியது. அன்று மனசு விட்டுப்போனது.

போருக்குப் பின் இங்கே இரும்பு ரேஷனில் இருந்தது. சரக்கு வண்டி வகையில் சேர்ந்தால் கொள்முதல் வரியும் இல்லை. அதனால் பட்டறை பட்டறையாக மரவண்டி கட்டினார்கள். நாமக்கல் அண்ணன் சொல்லும் கணக்கு இங்கும் சரி. ஆனால் மினி டிராவலரில் இரும்பின் மேல் மரக்குச்சியைச் சும்மா ஒட்டினார்களே, அது தேக்குமரன் ஐயா பக்கம் போகும். தேவை போன பிறகும் ஆசை நின்றதற்கு வேறு காரணம் சொல்ல முடியாது.

தேக்குமரன்:
நன்றி ஐயா, அந்த ஆசையைத்தான் நான் சொல்ல வந்தேன். கலிபோர்னியாவில் 1950, 60களில் அலைச்சறுக்கு இளைஞர்கள் வுடிகளை வாங்கியது அவை மலிந்து கிடந்ததால். நீளப் பலகை உள்ளே நுழையும், அவ்வளவுதான் தேவை. ஆனால் அவர்களால்தான் பல வண்டிகள் பிழைத்தன.

நாமக்கல் பாடி:
ஆமாம். அந்த மலிவுக்குக் காரணம் உளுத்த மரம் என்பதையும் சேர்த்துச் சொல்லுங்கள்.

தேக்குமரன்:
சேர்த்தே சொல்கிறேன். துரோகம் என்ற சொல்லையும் திரும்ப எடுத்துக்கொள்கிறேன். இழப்பு என்று வைத்துக்கொள்வோம். அதிலிருந்து இறங்க மாட்டேன்.

கென்ட்வாசி:
சனிக்கிழமை சக்கர வளைவுத் துண்டைப் புதிதாகப் பொருத்துகிறேன். நாமக்கல் அண்ணா, உங்கள் அப்பா மூட்டுக்குள் போகும் முனைக்கு ஏதாவது பூசுவாரா, பச்சையாகவே இறக்குவாரா?

நாமக்கல் பாடி:
பச்சையாக இறக்கவே மாட்டார். தண்ணீர் குடிப்பதே வெட்டுமுனைதான். வெளிப்பக்கத்துக்கு எத்தனை கோட் அடித்தாலும், உள்ளே மறையும் முனை வெறுமையாக இருந்தால் அங்கிருந்துதான் உளுக்கும். முனையை முதலில் பூச்சில் நன்றாக ஊற விட்டு, காய்ந்த பிறகு மூட்டில் ஏற்றுங்கள். ஜன்னல் அடிச்சட்டத்தில் தண்ணீர் வடியும் ஓட்டை அடைத்திருக்கிறதா என்றும் பாருங்கள். படம் போடுங்கள், பார்த்துவிட்டுச் சொல்கிறேன்.