கில்பெக் தேவாலயம்: சிற்றூர்க் கோயிலுக்கு இத்தனை சிற்பங்கள் எப்படி வந்தன?

கேள்வி

இங்கிலாந்தின் ஹெரிஃபோர்ட்ஷயரில், வேல்ஸ் எல்லையை ஒட்டியுள்ள கில்பெக் என்னும் சிற்றூரில், புனித மரியாள், புனித தாவீது ஆகியோர் பெயரில் ஒரு தேவாலயம் இருக்கிறது. ஏறத்தாழ 1140-இல் கட்டப்பட்டது என்கிறார்கள். கோபுரம்கூட இல்லாத சிறிய கட்டடம். ஆனால் அதன் தெற்கு வாசலிலும் கூரை விளிம்பிலும் உள்ள செதுக்கு வேலையைப் படங்களில் பார்த்தால், ஒரு பெருநகரத்துப் பேராலயத்துக்குச் செய்ததைப் போல் இருக்கிறது. இதற்குச் செலவு செய்தவர் யார்? சிற்பங்கள் இன்றுவரை முனை மழுங்காமல் நிற்பது எப்படி? விவரம் அறிந்தவர்கள் விளக்க வேண்டுகிறேன்.

முதல் மறுமொழி

இதை ஊரார் கூடிக் கட்டிய கோயிலாக எண்ணினால் புதிர் அவிழாது. தேவாலயத்துக்கு மேற்கே நார்மன் கோட்டை நின்ற மண்மேடு இன்றும் இருக்கிறது. 1086-ஆம் ஆண்டின் டூம்ஸ்டே நிலப் பதிவேட்டில் இவ்வூர் வில்லியம் ஃபிட்ஸ் நார்மன் என்பவரின் உடைமையாகக் குறிக்கப்பட்டுள்ளது. அவர் மகன் ஹியூ 1134-இல் இத்தேவாலயத்தைக் குளோஸ்டர் நகரத்துத் துறவு மடத்துக்குக் கொடையாக அளித்தார். ஆகவே இது முதலில் ஒரு கோட்டைத் தலைவரின் கோயில். ஊர் அதைச் சார்ந்து இருந்தது.

சிற்பிகளைப் பொறுத்தவரை, மார்டிமர் என்னும் பிரபுக் குடும்பத்தின் உடைமைகளை நிர்வகித்த ஆலிவர் டி மெர்லிமண்ட், ஸ்பெயினிலுள்ள சான்டியாகோ டி கொம்போஸ்டெலாவுக்குத் திருயாத்திரை சென்று திரும்பி ஹெரிஃபோர்ட்ஷயரின் ஷாப்டன் ஊரில் கட்டிய தேவாலயத்தில் வேலை செய்த குழுவே கில்பெக்கிலும் உளி பிடித்தது என்பது கலை வரலாற்றாளர்கள் பலரின் கருத்து. அக்குழுவின் கைவண்ணத்தை அதே மாவட்டத்தில் எர்டிஸ்லி ஊர்த் திருமுழுக்குத் தொட்டியிலும் காணலாம். அதில் இரு வீரர்கள் வாளும் ஈட்டியுமாக மோதுகிறார்கள்.

இரண்டாம் மறுமொழி

கட்டட அமைப்பையும் சொல்லிவிடுகிறேன். மக்கள் நிற்கும் கூடம், அதற்குக் கிழக்கே திருப்பீடத்துக்கான சிறு அறை, கடைசியில் அரைவட்ட வடிவில் முடியும் பகுதி என மூன்று உறுப்புகள் ஒரே நேர்கோட்டில் அமைந்துள்ளன. கூடத்துக்கும் பீட அறைக்கும் நடுவிலுள்ள வளைவின் இரு தூண்களிலும், ஒருவர் தலைக்கு மேல் ஒருவராக மூன்று திருத்தூதர்கள் நிற்கிறார்கள். சான்டியாகோ பேராலயத்தின் தெற்கு வாசல் தூண்களில் இதே அடுக்கு முறை உண்டு என்பதால் யாத்திரைக் கதைக்கு வலுச் சேர்கிறது.

தெற்கு வாசலின் மேலுள்ள அரைவட்டக் கல்லில் திராட்சைக் குலைகள் தொங்கும் வாழ்வின் மரம் இருக்கிறது. பக்கத் தூண்களில் பாம்புகள் ஒன்றையொன்று கவ்வியபடி பின்னிக் கிடக்கின்றன. இடப்பக்கத் தூணில் தளர்ந்த காற்சட்டை அணிந்த வீரர்கள் கொடிகளுக்கிடையே சிக்கி நிற்கிறார்கள். கூரையடித் தாங்குகற்களில் 85 எஞ்சியுள்ளன. அவற்றுள் நாயும் முயலும் அருகருகே இருக்கும் கல்லைப் பார்த்தால், வேட்டைக்காரனும் இரையும் என்ற நினைவே வராது; நாயின் தொங்கும் காதும் முயலின் வட்டக் கண்ணும் அவ்வளவு வேடிக்கை. எல்லா உருவத்துக்கும் மறைபொருள் தேடுவோர் இந்த ஒன்றையாவது விட்டுவைக்கலாம்.

கேள்வி கேட்டவர்

இருவருக்கும் நன்றி. தாங்குகற்களில் ஷீலா நா கிக் எனப்படும் வெளிப்படையான பெண்ணுருவம் ஒன்றும் இருக்கிறதே, தேவாலயச் சுவரில் அதற்கு என்ன வேலை? இத்தகைய உருவங்கள் சிலவற்றை விக்டோரியா காலத்தவர் வெட்கப்பட்டு உடைத்துவிட்டதாகவும் படித்தேன்.

மூன்றாம் மறுமொழி

காமத்தின் கேட்டை எச்சரிக்கும் உருவம் என்று ஒரு சாராரும், மகப்பேற்றுக்கும் தீயவற்றை விரட்டுவதற்கும் உரியது என்று மற்றொரு சாராரும் வாதிடுகின்றனர். பிரான்ஸ், ஸ்பெயின் நாடுகளின் யாத்திரை வழித் தேவாலயங்களிலும் இதைப் போன்ற உருவங்கள் காணப்படுவதால், நான் முதல் கருத்தின் பக்கமே சாய்கிறேன். உடைத்த கதையை நான் ஏற்கவில்லை. எல்லாவற்றிலும் வெளிப்படையான அந்த உருவமே தப்பி நிற்கும்போது, வெட்கத்தால் மற்றவற்றை மட்டும் உடைத்தார்கள் என்பது பொருந்தவில்லை. 1840-களில் இங்கே திருப்பணி செய்த கட்டடக் கலைஞர் லூயிஸ் காட்டிங்ஹாம் பழைய சிற்பங்களைக் கவனமாகவே கையாண்டார்.

சிற்பங்கள் நிலைத்ததற்கு முதற்காரணம் கல். இங்குள்ள செம்மணற்கல் நல்ல உறுதியானது. ஷாப்டனில் நடந்ததை இதனுடன் ஒப்பிட்டுப் பாருங்கள்: 1750-களில் அந்தத் தேவாலயத்தை இடித்துவிட்டு, அதன் வளைவுகளை ஒரு மேட்டில் காட்சிப்பொருளாகத் திறந்தவெளியில் நிறுத்தினார்கள், கூரைக்குள் இருக்க வேண்டிய சிற்பங்கள் மழையிலும் பனியிலும் கரைந்து, இன்று பல உருவங்களை அடையாளம் காண்பதே கடினம். கில்பெக்கின் தெற்கு வாசலுக்கோ நெடுங்காலம் மர முகப்பு ஒன்று மறைப்பாக இருந்தது.

மற்றொரு காரணம் வறுமை என்பேன். கோட்டை பாழடைந்தது, தேவாலயத்தை ஒட்டியிருந்த பழைய ஊரும் கைவிடப்பட்டு, அதன் எல்லைக்கரைகள் மட்டும் வயலில் தெரிகின்றன. செல்வம் கொழித்த ஊர்களில் கம்பளி வணிகர்கள் பழைய தேவாலயங்களை இடித்துப் பெரிதாக்கினார்கள். கில்பெக்கில் அப்படி இடித்துக் கட்டப் பணமும் இல்லை, கூட்டமும் இல்லை.