பிணைக் கையெழுத்தும் வளவும்: குடும்பக் குழுவில் ஒரு ஞாயிறு

களுவாஞ்சிக்குடி மாமி: இவருடைய பெயருக்கு மட்டக்களப்பு மாவட்ட நீதிமன்றத்திலிருந்து கடதாசி வந்திருக்கிறது. மனிதன் அதை நெல்லுச் சாக்குக்கு அடியில் ஒளித்து வைத்திருந்தார். படம் போட்டிருக்கிறேன். வீட்டு வளவை ஏலம் விடப் போகிறார்களா அண்ணா?

லண்டன் சித்தப்பா: எவ்வளவு காசு அக்கா? நாளைக்கே அனுப்புகிறேன். கட்டி முடியுங்கள்.

பெரியப்பா: காசைப் பையிலேயே வைத்திரு தம்பி. கண்ணாடியை எடுத்து வருகிறேன்.

கல்லடி மச்சாள்: அப்பா உழவு இயந்திர லீசிங்குக்குப் பிணை நின்றாரே, அந்த வழக்குத்தான் மாமா. கடன் எடுத்தவர் நிம்மதியாகத் திரிகிறார்.

பெரியப்பா: பார்த்தேன். இது ஏல அறிவித்தல் இல்லை. மச்சான் வழக்குக்கு வரவில்லை என்று ஒருதலையாக விசாரித்து எழுதிய தீர்ப்பாணை. ஏலத்துக்கு முன் பிஸ்கால், அதுதான் நீதிமன்றக் கட்டளைகளை நிறைவேற்றும் அலுவலர், சொத்தைக் கைப்பற்ற வேண்டும், அறிவித்தல் போட வேண்டும், இன்னும் எவ்வளவோ இருக்கிறது. நீங்கள் இல்லாமல் முடித்துவிட்டோம், சொல்ல ஏதும் இருந்தால் வந்து சொல்லுங்கள் என்பதற்காகத்தான் இதை வீட்டுக்கு அனுப்புகிறார்கள். அதைப் போய்ச் சாக்குக்கு அடியில் வைத்தால்? குடியியல் நடவடிக்கை முறைக் கோவையின் 86ஆம் பிரிவு: கையில் கிடைத்து 14 நாட்களுக்குள் மனுவும் சத்தியக்கடதாசியும் போட வேண்டும். வராததற்கு நியாயமான காரணம் காட்டினால் தீர்ப்பை நீக்கி, தவறவிட்ட இடத்திலிருந்து வழக்காட விடுவார்கள். செலவு கட்டச் சொல்லவும் கூடும். என்றைக்குக் கிடைத்தது?

களுவாஞ்சிக்குடி மாமி: போன செவ்வாய் என்கிறார்.

பெரியப்பா: தப்பினோம்.

களுவாஞ்சிக்குடி மாமா: நான் ஒரு சதமும் தொடவில்லை. அதைத்தான் நீதிபதியிடம் சொல்வேன்.

பெரியப்பா: மச்சான், பிணைக்குக் கையெழுத்து வைத்தவரிடமும் கேட்க அவர்களுக்கு உரிமை இருக்கிறது. அதோடு, இப்போது கேட்கப்படுவது நீங்கள் ஏன் வரவில்லை என்பது. அழைப்பாணை கிடைத்ததா?

களுவாஞ்சிக்குடி மாமா: சத்தியமாக இல்லை.

கல்லடி மச்சாள்: வெள்ளத்துக்கு இரண்டு பேரும் என் வீட்டில்தானே இருந்தார்கள். அந்த நேரம் கதவில் ஒட்டியிருப்பார்களோ?

பெரியப்பா: கெட்டிக்காரி. ஒட்டியிருந்தால் பிஸ்காலின் அறிக்கை வழக்கேட்டில் இருக்கும். அந்தத் திகதி வெள்ள நாட்களோடு பொருந்தினால் கிராம அலுவலரிடம் கடிதம் வாங்கு. நான் நீதிமன்றப் பதிவேட்டறையில் வேலையில் இருந்த காலத்தில் ஒரு வார்த்தையும் பேசாமலே காணியை விட்டவர்களைத்தான் அதிகம் கண்டேன்.

கல்முனை அத்தான்: வங்கிகள் வழக்கே போடாமல் விற்கின்றனவே மாமா?

பெரியப்பா: அது பராட்டே. 1990ஆம் ஆண்டின் 4ஆம் இலக்கச் சட்டம். வங்கிக்கு ஈடு வைத்த சொத்தைப் பணிப்பாளர் சபையே தீர்மானம் எடுத்து, வர்த்தமானியில் போட்டு ஏலம் விடலாம். முன்கூட்டி எந்த நீதிபதியும் கடனாளியைக் கேட்பதில்லை. தடையுத்தரவு வேண்டுமென்றால் அவனே ஓட வேண்டும். அந்தச் சட்டத்தில் எனக்கு ஒருநாளும் மனம் ஒப்பவில்லை. இங்கே வளவு ஈட்டில் இல்லை.

கல்லடி மச்சாள்: வளவின் வடக்குத் துண்டு என் சீதன உறுதிப் பத்திரத்தில் இருக்கிறது. அதையும் எடுப்பார்களா?

பெரியப்பா: தவறிக் கைப்பற்றினால் நடவடிக்கை முறைக் கோவையின் 241ஆம் பிரிவில் நீ உரிமை கோரலாம், நீதிமன்றம் விசாரிக்கும். ஆனால் பிணை நின்ற பிறகு எழுதிய உறுதி என்றால், கடனுக்குப் பயந்து எழுதியது என்பார்கள்.

கல்லடி மச்சாள்: கலியாணத்தோடு எழுதியது. பிணை அதற்கு எவ்வளவோ பிறகு.

பெரியப்பா: அப்படியென்றால் நீ தூங்கு.

லண்டன் சித்தப்பா: எல்லாம் தவறி ஏலமும் நடந்துவிட்டால் அண்ணா?

பெரியப்பா: ஏலம் பற்றிய பிஸ்கால் அறிக்கை நீதிமன்றத்துக்குக் கிடைத்து 30 நாட்களுக்குள் ஆட்சேபிக்கலாம். அறிவித்ததிலோ ஏலம் நடத்தியதிலோ பாரிய ஒழுங்கீனம் இருந்தது, அதனால் பெரு நட்டம் வந்தது என்று இரண்டையும் நிரூபிக்க வேண்டும். பிணைக் கதையெல்லாம் அங்கே எடுபடாது.

களுவாஞ்சிக்குடி மாமி: சட்டத்தரணிக்குக் காசுக்கு எங்கே போவது?

பெரியப்பா: நாளை காலை மட்டக்களப்பில் சட்ட உதவி ஆணைக்குழுவுக்குப் போங்கள். வருமானம் குறைந்தவர்களுக்கு வழக்காடுவார்கள். கடதாசியை உறையோடு கொண்டு போ தங்கச்சி, அடையாள அட்டையும் லீசிங் ஒப்பந்தப் பிரதியும் வேண்டும். தம்பியின் காசு சமரசம் பேசும்போது உதவும்.

களுவாஞ்சிக்குடி மாமா: உழவு இயந்திரக்காரனையும் கூட்டிப் போகவா?

பெரியப்பா: கூப்பிட்டுப் பாருங்கள் மச்சான். டீசல் காசு கேட்பான்.